தவணையில் மாற்றமில்லை

நூத்திப் பதினேழுன்னு பேங்க் கவுண்டர்ல இருந்த பொண்ணு சொன்னதும் நான் திரும்பி போர்டைத்தான் பார்த்தேன். யாரையோ டோக்கனுக்குக் கூப்பிடறா போலன்னு நெனச்சேன். போர்டுல சிவப்பு எழுத்துல ஐம்பத்தெட்டுதான் நின்னுக்கிட்டிருந்தது, அது என் டோக்கன். நூத்திப் பதினேழு வர்றதுக்கு சாயங்காலம் ஆயிடுமே, பாவம் எந்தப் புண்ணியவானோன்னுகூட ஒரு நொடி தோணிச்சு. "உங்களுக்குத்தான் மேடம், இன்னும் நூத்திப் பதினேழு தவணை இருக்கு"ன்னா. நல்ல பொண்ணு, சிரிச்ச முகம், என் மக வயசுதான் இருக்கும். இல்லைம்மா, நாப்பத்தெட்டு, நாங்க வீட்டு லோனை இருபது வருஷத்துக்குப் போட்டோம், பதினாறு முடிஞ்சிடுச்சு, நல்லாப் பாருன்னேன். நல்லாத்தான் பார்த்தா. கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பிக் காமிச்சா. தணிகாசலம், ஞானசவுந்தரி, ஆவடி, அறுநூத்தி நாப்பது சதுர அடின்னு எங்க பேரும் எங்க ஊரும் எங்க வீடும்தான் இருந்தது. வேற யாரோட கணக்கையோ பார்த்துட்டா போலன்னு சண்டை போடறதுக்குக்கூட வழியில்லை. "மேனேஜர் மீட்டிங்ல இருக்கார், வந்ததும் இதுல சீல் வெச்சுத் தர்றேன், அப்படி உக்காருங்க"ன்னு பேப்பரைக் கையில குடுத்துட்டு அடுத்த டோக்கனை அமுக்கிட்டா. போர்டு ஐம்பத்தொன்பதுக்கு மாறிச்சு.

இரும்பு நாற்காலி சில்லுன்னு இருக்கு. மணி பதினொண்ணே கால். பன்னெண்டரைக்கு அவரு போன் பண்ணுவாரு. ஒரு மணிக்குள்ள விருப்ப ஓய்வு லெட்டரைக் குடுத்தாகணும், இன்னிக்குத்தான் கடைசி நாள், நாளைக்குக் குடுத்தா வாங்க மாட்டாங்களாம். லெட்டர் எழுதி கையெழுத்துப் போட்டு, சட்டைப் பையில மடிச்சு வெச்சுக்கிட்டுதான் காலையில போனாரு. சட்டையை இஸ்திரி போட்டதே நான்தான். நீ பேங்க்ல ஒரு வார்த்தை கேட்டுச் சொல்லிடு, நான் குடுத்துடறேன்னாரு. ஒரு வார்த்தை. எட்டு லட்சம் தர்றாங்க. நாப்பத்தெட்டு தவணை, மாசம் பதினஞ்சாயிரத்து அறுநூத்தி இருபத்தொண்ணு, மொத்தம் ஏழரை லட்சம்னு அவரே காலண்டர் பின்னால கணக்கு போட்டு வெச்சிருக்காரு. ஏழரைன்னதும் நான் சிரிச்சேன், சனி முடியப் போகுதுன்னு சொன்னேன். அவருக்கு அது காதுல விழல. மிச்சம் ஐம்பதாயிரத்துல காதுக்கு மிஷின் வாங்கிக்கணும், சாப்பாட்டுக்கு எங்கயாவது வாட்ச்மேன் வேலை, நீ மாவு விக்கிற காசு, போதுமேன்னாரு. போதும்தான். அவரு காது இடது பக்கம் போயே போச்சு. வலது பக்கம் பாதி. இன்னும் ரெண்டு வருஷம் தகடு அடிக்கிற அந்த பிரஸ் ஷாப்ல நின்னா இதுவும் போயிடும், அப்புறம் மிஷின் வெச்சாலும் பிரயோஜனம் இல்லைன்னு காது டாக்டர் என்கிட்டதான் சொன்னாரு, அவருகிட்ட சொன்னா கேக்காதேன்னு. வேற செக்ஷன் கேட்டுப் பார்த்தாரு, இடமில்லைன்னுட்டாங்க. எங்க வீட்டு கிரைண்டர் ஓடறப்பவே பக்கத்துல வந்து நின்னு, கரண்ட் இல்லையா சவுந்தரின்னு கேக்கறாரு. நான் கல்லு சுத்தறதைக் கையால காமிக்கிறேன். அவரு முகம் ஒரு மாதிரி ஆயிடும். அந்த முகத்தை என்னால பார்க்க முடியல.

எப்படி ஆச்சு இது. பேப்பரை எத்தனை தடவை பார்த்தாலும் நூத்திப் பதினேழுதான் இருக்கு. அந்தப் பொண்ணு சொன்னதை மறுபடி மறுபடி ஓட்டிப் பார்க்கிறேன். வட்டி ஏறினப்பல்லாம் உங்க தவணையை ஏத்தல மேடம், காலத்தைத்தான் நீட்டினோம், உங்களுக்குச் சுமை வேண்டாம்னுதான், ஒவ்வொரு தடவையும் மெசேஜ் வந்திருக்குமே. வந்துச்சு. வராம என்ன. அதுதான் வயிறு எரியுது. முதல் தடவை வந்தப்போ வட்டி ஏறிடுச்சுன்னு ஊரே பேசிக்கிட்டிருந்தது. எதிர் வீட்டுக்காரங்களுக்கு மாசம் ரெண்டாயிரம் ஏத்திட்டாங்கன்னு அந்தம்மா அழுதுக்கிட்டே மாவு வாங்கிட்டுப் போனாங்க. எங்களுக்கு எவ்வளவோன்னு மூணு நாள் தூக்கமில்லை. அப்புறம் அவரு போனுக்கு மெசேஜ் வந்தது. உங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை. தமிழ்லயே போட்டிருந்தான், அழகா. அதுக்குக் கீழ இங்கிலீஷ்ல ரெண்டு வரி இருந்தது, பேங்குக்காரன் எப்பவும் அப்படி ஏதாவது போடுவான், யாரு படிச்சா. அவரு சின்னப்புள்ள மாதிரி ஓடியாந்து காமிச்சாரு. மாற்றமில்லை சவுந்தரி, நம்ம பேங்க் தங்கமான பேங்க்னாரு. அன்னிக்கு சாயங்காலம் அரைக் கிலோ பாதுஷா வாங்கிட்டு வந்தாரு. அவருக்குப் பாதுஷான்னா உசிரு. எதிர் வீட்டுக்கும் ரெண்டு குடுத்தனுப்பினோம், அந்தம்மா வாங்கிக்கிட்டாங்க, மூஞ்சி மட்டும் சரியில்லை. அவங்க லோன் போன வருஷமே முடிஞ்சிடுச்சு, நான்தான் போய் வாழ்த்து சொல்லிட்டு வந்தேன். அப்புறம் அதுவே பழக்கமா போச்சு. எப்பல்லாம் மாற்றமில்லைன்னு வருதோ அப்பல்லாம் பாதுஷா. அஞ்சு தடவை வாங்கியிருக்கோம், எனக்கு நல்லா ஞாபகம் இருக்கு. மக ஹேமா பெரியவளானப்போ ஒண்ணு, அவ காலேஜ் சேர்ந்தப்போ ஒண்ணு, கல்யாணத்துக்கு முந்தின மாசம் ஒண்ணு. தட்டுல வெச்சு சாமிக்குக் காட்டிட்டுத்தான் சாப்பிடுவோம். ஒவ்வொரு தடவையும் உள்ளே எங்கயோ ஒரு வருஷம், ரெண்டு வருஷம்னு கூட்டிக்கிட்டே இருந்திருக்கான், நாங்க விரலை நக்கிக்கிட்டு இருந்திருக்கோம். பொய் சொன்னானான்னா, சொல்லல. மாற்றமில்லைன்னான், மாற்றமில்லை. பதினாறு வருஷமா அதே பதினஞ்சாயிரத்து அறுநூத்தி இருபத்தொண்ணு. எனக்குப் படிக்கத் தெரியாதுன்னா பரவாயில்லை. பத்தாவது பாஸ் பண்ணியிருக்கேன். அந்த ரெண்டு வரியை ஹேமாகிட்ட குடுத்து இது என்னடின்னு ஒரு தடவை கேட்டிருக்கலாம். கேக்கத் தோணல, சந்தோஷமா இருந்தப்போ யாரு கேப்பாங்க.

செக்யூரிட்டி யாரையோ செருப்பை ஓரமா விடச் சொல்றாரு. போர்டுல அறுபத்திரண்டு. பேப்பர்ல வரிசையா கட்டம் போட்டு வட்டி தனி, அசல் தனி. அந்தப் பொண்ணு பேனாவால சுழிச்சுக் காமிச்சா. இந்த மாசம் கட்டினதுல வட்டிக்கு ஒன்பதாயிரத்து ஐநூத்தி ஐம்பத்தஞ்சு, அசலுக்கு ஆறாயிரத்து அறுபத்தாறு. இது பரவாயில்லை மேடம், நடுவுல ரொம்பக் கம்மியா போயிருக்குன்னு பழைய பக்கத்தைத் திருப்பினா. வட்டிக்கு பதினாலாயிரத்து எழுநூத்தி முப்பத்தஞ்சு. அசலுக்கு எண்ணூத்தி எண்பத்தாறு. எண்ணூத்தி எண்பத்தாறு ரூபா. எந்த மாசம்னு பார்த்தேன், பார்க்காம இருந்திருக்கலாம். அந்த மாசம் அவரு ஒன்பது டபுள் ஷிப்ட் பார்த்தாரு. அந்த மாசம்தான் முதல்முதலா காதுல விசில் ஊதற மாதிரி இருக்குன்னு சொன்னாரு. படுத்தா ஊதுது, எழுந்தா ஊதுது, யாரோ குக்கரை இறக்காம விட்ட மாதிரின்னாரு. டாக்டர் டெஸ்ட் எடுக்கச் சொன்னாரு, ஆயிரத்து இருநூறு ரூபா. நான்தான் சொன்னேன், தவணை போகட்டும், அடுத்த மாசம் பார்க்கலாம்னு. நான்தான். அடுத்த மாசமும் தவணை இருக்கும்னு எனக்குத் தெரியாதா. அப்புறம் விசில் பழகிடுச்சுன்னாரு, விட்டுட்டோம். காதுல அடைச்சிக்க பஞ்சு மாதிரி ஒண்ணு கம்பெனியில குடுப்பாங்க, அவரு வெச்சிக்க மாட்டாரு. வெச்சிக்கிட்டா பிரஸ் சத்தம் எப்படித் தெரியும்னு கேப்பாரு. அடிக்கிற சத்தம் ஒரு துளி மாறினா டை, அதான் தகட்டை அழுத்தற அச்சு, உடையப் போகுதுன்னு அர்த்தமாம், அதைக் காதால கேட்டுத்தான் மிஷினை நிறுத்தணுமாம், இல்லைன்னா கை போயிடுமாம். முப்பது வருஷத்துல அவரு ஷிப்ட்ல ஒருத்தருக்கும் விரல் நுனிகூட போனதில்லை. காதைக் குடுத்துக் கையைக் காப்பாத்தியிருக்காரு மனுஷன். அந்தக் கையால சம்பாதிச்சதுல எண்ணூத்தி எண்பத்தாறு ரூபாதான் வீட்டுக்குப் போச்சுன்னு எப்படிச் சொல்றது.

பதினெட்டு லட்சம் வாங்கினோம். கட்டினது இருபத்தொன்பது லட்சத்து தொண்ணூத்தொன்பதாயிரத்து இருநூத்தி முப்பத்திரண்டு. செருப்புக் கடையில விலை போடற மாதிரி முப்பது ஆகாம நிக்குது. இன்னும் பாக்கி அசல் பதினோரு லட்சத்து எழுபத்தாறாயிரம். இப்படியே போனா முடியறப்போ நாப்பத்தெட்டு லட்சத்துக்கு மேல. அவருக்கு அப்போ அறுபத்துநாலு வயசு நடக்கும், ஐம்பத்தெட்டுல ரிட்டயர் ஆகறப்போ சரியா முடியணும்னு கணக்குப் பண்ணித்தான் முப்பத்தெட்டுல லோன் போட்டோம், எவ்வளவு புத்திசாலிங்க நாங்க. அசல் அசல்னு அந்தப் பொண்ணு சொல்லச் சொல்ல எனக்கு வேற ஒண்ணு ஓடுது. அசல் பத்திரமும் இங்கதான் இருக்கு, இந்தக் கட்டடத்துல ஏதோ ஒரு பெட்டியில. எங்க பீரோவுல இருக்கிறது ஜெராக்ஸ். ரேஷன் கார்டுக்கு, கேஸுக்கு, ஹேமா ஸ்கூலுக்கு, எல்லாத்துக்கும் அந்த ஜெராக்ஸையே ஜெராக்ஸ் எடுத்து எடுத்து எழுத்தே தேய்ஞ்சு போச்சு. அசலையே இவங்க வெச்சிக்கிட்டாங்க, நாங்க ஜெராக்ஸ்ல குடியிருந்திருக்கோம். அசல்ல மூணுல ஒரு பங்குதான் இதுவரைக்கும் அடைச்சிருக்கோம். அப்படின்னா சமையக்கட்டும் பாத்ரூமும் எங்களுது, பின்னால துணி காயப்போடற இடத்தையும் சேர்த்துக்கலாம். ஹால் அவங்களுது. படுக்கிற ரூமும் அவங்களுது. கிரைண்டர் எங்க இடத்துலதான் ஓடுதுன்னு ஒரு திருப்தி வருது பாருங்க, பைத்தியந்தான். வீட்டை வித்துடலாமான்னு ஒரு நிமிஷம் வந்துச்சு. வித்துட்டு எங்க போறது. வாடகை வீட்டுக்காரன் பின்னால நிக்கிறது போதும்னுதானே இதை வாங்கினோம். கிரைண்டர் சத்தம்னு சொல்லியே மூணு வீட்டுல காலி பண்ணச் சொன்னாங்க. இந்த வீட்டுக்குள்ள நுழைஞ்ச அன்னிக்கு, எவ்வளவு வேணா சத்தம் போடு சவுந்தரி, உன்னை ஒருத்தன் கேக்க முடியாதுன்னு அவரு சொன்னாரு. இப்ப நிஜமாவே அவருக்குக் கேக்கல.

பயமா இருக்கு. வாயை விட்டுச் சொல்லிடறேன், எனக்குப் பயமா இருக்கு. பன்னெண்டரைக்கு போன் வரும். நூத்திப் பதினேழுன்னு நான் சொன்னா அவரு சரின்னுட்டு லெட்டரைக் கிழிச்சுப் போட்டுட்டு சாப்பிடக்கூட உக்காராம மிஷின்கிட்ட போய் நிப்பாரு. ரெண்டு வருஷம் கழிச்சு நான் கூப்பிட்டா திரும்ப மாட்டாரு. தட்டித்தான் கூப்பிடணும். ஹேமா ஓசூர்லயிருந்து போன் பண்ணா நான் வாங்கி எழுதிக் காட்டணும். அவளுக்கு நாலு மாசம் இப்போ, குழந்தை பொறந்து அழுதா அவரு அது வாயைப் பார்த்துத்தான் அழுவுதுன்னு தெரிஞ்சுக்கணும். அப்படி ஒரு வீடு எனக்கு எதுக்கு. சொல்லாம விட்டா? லெட்டரைக் குடுத்துடுவாரு, எட்டு லட்சம் வரும், அப்புறம்? அதையும் கேட்டுட்டேன், அவ்வளவு முட்டாள் இல்லை. எட்டு லட்சத்தை மொத்தமா கட்டினா எவ்வளவும்மா ஆகும்னு கேட்டேன். தட்டிப் பார்த்தா. இருபத்தேழு மாசம் மேடம், தவணையில மாற்றமில்லைன்னா. அவ வாயிலயும் அதே வார்த்தை. இருபத்தேழு மாசம், மாசம் பதினஞ்சாயிரத்து அறுநூத்தி இருபத்தொண்ணு. அவரு வாட்ச்மேன் சம்பளம் சாப்பாட்டுக்குச் சரியா இருக்கும். ஒரு பாக்கெட் மாவு நாப்பது ரூபா, அதுல எனக்கு நிக்கிறது பன்னெண்டு. ஒரு நாளைக்கு நாப்பத்துநாலு பாக்கெட் பேங்குக்கு மட்டும். இப்போ நான் விக்கிறதே இருபத்தஞ்சு. இன்னொரு கிரைண்டர் வாங்கணும், பழசா கெடைக்கும். பின்னால இருக்கிற அபார்ட்மெண்ட்ல ரெண்டு பிளாக்குக்கு நான் இன்னும் போகல, படி ஏறணும், ஏறலாம். வலது தோள் இப்பவே தூக்கினா விண்ணுன்னு இழுக்குது. இழுக்கட்டும். ரெண்டு கிரைண்டர் ஒண்ணா ஓடினா சமையக்கட்டுல பேச்சே கேக்காது. என் காது நல்லாத்தான் இருக்கு, இதுவரைக்கும்.

போன் அடிச்சப்போ மணி பன்னெண்டு இருபதுதான். பத்து நிமிஷம் முன்னாலயே கூப்பிட்டுட்டாரு, தாங்கல மனுஷனுக்கு. எடுத்ததும் பின்னால பிரஸ் அடிக்கிற சத்தம், அதுக்கு மேல அவரு. "இன்னா சவுந்தரி, பார்த்துட்டியா, இன்னா சொன்னாங்க?" முப்பது வருஷம் ஆச்சு கல்யாணமாகி, அவரு இன்னாவை நான் கிண்டல் பண்ணாத நாளில்லை. இன்னிக்கு அதைக் கேட்டதும் சொல்லிடறதுதான் நியாயம்னு தோணிச்சு. சத்தியமா சொல்லத்தான் வாயைத் திறந்தேன். "நூத்திப் பதினேழுங்க"ன்னேன். "இன்னா?"ன்னாரு. "நூத்திப் பதினேழு." இந்தத் தடவை கத்தினேன். பேங்க்ல எல்லாரும் திரும்பிப் பார்த்தாங்க, செக்யூரிட்டி வெளிய போய்ப் பேசச் சொல்லி கையைக் காட்டினாரு. அந்தப் பக்கம் அவரு, "டோக்கன் நூத்திப் பதினேழா? அவ்ளோ கூட்டமா? அப்போ ஒரு மணிக்குள்ள ஆவாதே"ன்னாரு. என்னை மாதிரியே நெனச்சிருக்காரு. ரெண்டு பேருக்கும் ஒரே புத்தி. நான் கண்ணாடிக் கதவைத் தள்ளிக்கிட்டு வெளிய படிக்கட்டுக்கு வந்தேன். வெயில் மூஞ்சியில அடிச்சது.

"இல்லைங்க, என் டோக்கன் முடிஞ்சிடுச்சு, பார்த்துட்டேன்"னேன். "இன்னா சொன்னாங்க?" அவருக்குச் சின்னதாச் சொன்னாத்தான் கேக்கும். நீளமாச் சொன்னா பாதி விட்டுடும். "தவணையில மாற்றமில்லையாம்." "மாற்றமில்லையா?" "மாற்றமில்லைங்க. நீங்க லெட்டரைக் குடுத்துடுங்க." பிரஸ் ரெண்டு தடவை அடிச்சது. "குடுத்துடட்டுமா?" "குடுங்க. இப்பவே போய்க் குடுங்க." அவரு மூச்சு விட்டது எனக்கு நல்லாக் கேட்டுச்சு. அவ்வளவு சத்தத்துலயும் கேட்டுச்சு. "வர்ற வழியில அரைக் கிலோ பாதுஷா வாங்கிட்டு வந்துடு"ன்னு சொல்லிட்டு வெச்சுட்டாரு. நான் சொன்னதுல பொய் ஒண்ணும் இல்லை. மெசேஜ் போட்டவனும் இப்படித்தான் நெனச்சுக்கிட்டிருப்பான்.

உள்ளே போனா அந்தப் பொண்ணு சீல் வெச்ச பேப்பரோட நிக்கிறா. நாலா மடிச்சு ஜாக்கெட்டுக்குள்ள வெச்சுக்கிட்டேன். "இனிமே மெசேஜெல்லாம் என் நம்பருக்கு மட்டும் வர்ற மாதிரி பண்ண முடியுமாம்மா"ன்னு கேட்டேன். ரெண்டு பேர் பேர்லயும்தானே லோன், நானும் பதினாறு வருஷம் முன்னால காட்டின இடத்துலயெல்லாம் கையெழுத்து போட்டவதானே. ஒரு ஃபாரம் குடுத்தா. பழைய நம்பர்னு இருந்த இடத்துல அவரு நம்பரை எழுதினேன். புது நம்பர்னு இருந்த இடத்துல என்னுது. கீழே மாற்றத்துக்கான காரணம்னு ஒரு கோடு விட்டிருந்தாங்க. ரொம்ப நேரம் அதைப் பார்த்தேன். கணவருக்குக் காது கேட்காதுன்னு எழுதினேன். அந்தப் பொண்ணு படிச்சுட்டு, "மெசேஜ்தானே மேடம், படிக்கிறதுக்குக் காது எதுக்கு"ன்னா. மணி பன்னெண்டே முக்கால், இந்நேரம் லெட்டரைக் குடுத்திருப்பாரு. நாங்க வழக்கமா வாங்கற கடையில ஒரு மணிக்கு மேல பாதுஷா தீந்துடும், போகணும்.